ருமைஸா என்ற பெயரை வைக்கலாமா?

கேள்வி

அஸ்ஸலாமு அலைக்கும். நாங்கள் யாழ்ப்பாணம் சோனகதெருவில் வசிக்கிறோம். எங்கள் மூத்த மகள் பிறந்து இரண்டு கிழமையாகிறது. என் கணவரின் வாப்பும்மாவின் (தந்தையின் தாயின்) பெயரையே பிள்ளைக்கு வைக்க வேண்டும் என்பது மாமாவின் ஆசை. அவருடைய பெயர் ருமைஸா. 1990ஆம் ஆண்டு ஊரைவிட்டு வெளியேற்றப்பட்டுப் புத்தளத்தில் இருந்த காலத்திலேயே அவர் மௌத்தாகிவிட்டார். அவருடைய பெயர் எழுதிய தாளென்று எங்களிடம் எஞ்சியிருப்பது அங்கே கொடுத்த நிவாரணக் கூப்பன் ஒன்றுதான். அதில் 'உறுமைசா உம்மா' என்று எழுதியிருக்கிறது. இப்போது கணவரின் தங்கை இணையத்தில் தேடிப் பார்த்துவிட்டு, 'கண்ணில் பூளை உள்ளவள்' என்பதுதான் இந்தப் பெயருக்குப் பொருள், மறுமையில் பெயர் சொல்லி அழைக்கப்படும்போது பிள்ளைக்கு இது அழகாக இருக்குமா என்று கேட்கிறார். இன்னொரு தளத்தில் 'பூங்கொத்து' என்று போட்டிருக்கிறது. மாமா எதுவும் பேசாமல் இருக்கிறார். பிறப்புப் பதிவும், பிள்ளைக்காக ஆடு அறுத்துக் கொடுக்கும் அகீகாவும் இதனால் தள்ளிப்போய்க்கொண்டிருக்கின்றன. எது சரி? இந்தப் பெயரை வைக்கலாமா?

பதில்

வஅலைக்குமுஸ் ஸலாம். அன்புள்ள சகோதரிக்கு, நீங்களும் பிள்ளையும் நலமாக இருக்க துஆச் செய்கிறேன்.

உங்கள் கேள்விக்கு என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: தாராளமாக வைக்கலாம். அரபு மொழி கற்பிப்பதைத் தொழிலாகக் கொண்டவன் என்பதால் பெயர்களைப் பற்றிய கேள்விகள் எனக்கு அடிக்கடி வருகின்றன. அவற்றுள் இத்தனை ஆழமான பின்னணி கொண்ட பெயர்கள் மிகச் சில. ஆனால், 'பூங்கொத்து' என்ற விளக்கத்தை நம்பி இந்தப் பெயரை வைக்க வேண்டாம். அந்தப் பெயரின் வேரில் பூவும் இல்லை, கொத்தும் இல்லை. பெயர்ப் பட்டியல் தயாரிக்கும் தளங்களில் ஒருவர் எழுதியதை மற்றவர் பார்த்து எழுதி நிலைபெற்றுவிட்ட விளக்கம் அது. உங்கள் கணவரின் தங்கை கண்டுபிடித்த பொருளே அகராதிப்படி சரியானது. அவர் தேடிப் பார்த்ததும் கேள்வி எழுப்பியதும் பிள்ளைமேல் உள்ள அக்கறையால்தான் என்பதை வீட்டில் எல்லோரும் ஏற்றுக்கொள்ள வேண்டும். அவர் நின்ற இடத்திலிருந்து இன்னும் சற்றுத் தூரம் போய்ப் பார்த்தால், இந்தப் பெயரைத் தயங்காமல் வைப்பதற்கான காரணங்கள் அங்கே இருக்கின்றன.

முதலில் சொல்லை எடுத்துக்கொள்வோம். கண்ணின் மூலையில் சேரும் வெண்மையான அழுக்கை அரபியில் 'ரமஸ்' என்பார்கள். பழைய அகராதி ஆசிரியர்கள் இதில்கூட நுணுக்கம் பார்த்து, வடிந்தால் அது 'ஃகமஸ்', உலர்ந்து இறுகினால் அது 'ரமஸ்' என்று பிரித்துச் சொல்லியிருக்கிறார்கள். அப்படிப்பட்ட கண்ணையுடைய பெண் 'ரம்ஸா'. அந்தச் சொல்லைச் சிறுமைப்படுத்தி, அதாவது செல்லமாகக் குறுக்கிச் சொல்லும்போது 'ருமைஸா' ஆகிறது. நமது பிள்ளைகளுக்கு நாம் வைக்கும் 'ஹுமைரா' என்ற பெயரும் இதே அச்சில் வார்க்கப்பட்டதுதான். சிவந்தவள் என்ற பொருளுடைய 'ஹம்ரா'விலிருந்து வந்தது ஹுமைரா. ஆயிஷா (ரலி) அவர்களைக் குறித்து வழங்கும் செல்லப் பெயர் அது. ஹஸனிலிருந்து ஹுஸைன் பிறந்ததும் இவ்வாறே. ஆகவே 'ருமைஸா' என்பதில் கண்ணைப் பற்றிய குறிப்பு இருப்பது போலவே, பெற்றவர்கள் மடியில் கிடத்திக் கொஞ்சும் தொனியும் இருக்கிறது. அகராதியின் ஒற்றை வரி விளக்கம் இந்தத் தொனியைக் காட்டுவதில்லை.

உடலில் காணும் ஓர் அடையாளத்தைக் கொண்டு ஒருவரை அழைப்பது அக்கால அரபுகளிடம் இழிவாகக் கருதப்படவில்லை. கூஃபா நகரத்தின் பெரும் ஹதீஸ் அறிஞரான ஸுலைமான் இப்னு மிஹ்ரான் (ஹிஜ்ரி 148இல் காலமானவர்) இன்றுவரை 'அல்-அஃமஷ்' என்றே அறியப்படுகிறார்; பார்வை மங்கி நீர் வடியும் கண்ணையுடையவர் என்பது அதன் பொருள். புகாரி, முஸ்லிம் என்ற ஹதீஸ் (நபிமொழி) தொகுப்புகளில் அவர் வழியாக வந்த அறிவிப்புகளைப் படிக்கும் எவரும் அவருடைய கண்ணைப் பற்றி யோசிப்பதில்லை. நமது தமிழிலும் இதற்குக் குறைவில்லை. பொருநராற்றுப்படையைப் பாடியவர் முடத்தாமக்கண்ணியார். 'முடம்' என்ற சொல்லோடுதான் அந்தப் பெயர் ஈராயிரம் ஆண்டுகளாக மதிப்புடன் வழங்கி வருகிறது. அந்தப் பாட்டின் தலைவன் கரிகாலன். நெருப்பில் கருகிய காலையுடையவன் என்று அந்தப் பெயருக்கு விளக்கம் சொல்கிறார்கள். ஆனாலும் மகனுக்குக் கரிகாலன் என்று பெயர் வைக்கும் தகப்பன் கருகிய காலை நினைத்து வைப்பதில்லை, அந்தச் சோழனை நினைத்தே வைக்கிறான். பெயர் என்பது பெரும்பாலும் அதற்கு முன் அதைச் சுமந்தவரிடமிருந்து நமக்கு வருகிறது. உங்கள் வீட்டுக் கேள்விக்கு என் முழுப் பதிலும் இந்த ஒரு கருத்தில்தான் நிற்கிறது. ஆகையால் இந்தப் பெயரைச் சுமந்தவர் யார் என்பதைச் சற்று விரிவாகவே சொல்ல விரும்புகிறேன்.

அவர் மதீனாவின் கஸ்ரஜ் கோத்திரத்தில் பனூ நஜ்ஜார் கிளையைச் சேர்ந்த மில்ஹானின் மகள். 'உம்மு ஸுலைம்' என்ற பெயரில் நீங்கள் நிச்சயமாகக் கேள்விப்பட்டிருப்பீர்கள்; அனஸ் இப்னு மாலிக் (ரலி) அவர்களைப் பெற்ற தாய். அவருடைய இயற்பெயர் எது என்பதில் வரலாற்றாசிரியர்களிடையே பல கருத்துகள் உள்ளன: ஸஹ்லா, ருமைலா, ருமைஸா, ஃகுமைஸா என்று சொல்லப்பட்டுள்ளது. புகாரிக்கு விரிவுரை எழுதிய ஹாபிழ் இப்னு ஹஜர் (1449இல் காலமானவர்), 'ருமைஸா' என்பது கண்ணில் இருந்த ரமஸ் காரணமாக அவருக்கு ஏற்பட்ட அடைபெயர் என்று சொல்லிவிட்டு, அதுவே அவருடைய பெயர் என்று சொல்பவர்களும் இருப்பதைக் குறிப்பிடுகிறார். எது எப்படியாயினும் ஹதீஸ் நூல்களில் இந்தப் பெயர் பதிவாகியிருக்கும் இடத்தை நீங்கள் அவசியம் அறிந்திருக்க வேண்டும். நபி (ஸல்) அவர்கள் தாம் கனவில் சுவர்க்கத்தில் நுழைந்ததாகவும், அங்கே அபூ தல்ஹாவின் மனைவி ருமைஸாவைக் கண்டதாகவும் சொன்னார்கள் என்று ஜாபிர் (ரலி) அறிவிப்பதாக புகாரியில் வருகிறது. முஸ்லிமில் உள்ள அறிவிப்பில், சுவர்க்கத்தில் காலடியோசை கேட்டு 'யார் இது?' என்று வினவியபோது, 'அனஸின் தாயார், மில்ஹானின் மகள் ஃகுமைஸா' என்று பதில் சொல்லப்பட்டதாக வருகிறது.

உங்கள் கணவரின் தங்கை எழுப்பிய கேள்வி மறுமையில் அழைக்கப்படுவதைப் பற்றியது அல்லவா? மறுமையில் உங்கள் பெயராலும் உங்கள் தந்தையர் பெயராலும் அழைக்கப்படுவீர்கள், ஆகவே பெயர்களை அழகாக்கிக்கொள்ளுங்கள் என்ற கருத்துள்ள ஹதீஸ் அபூ தாவூதில் உள்ளது; அதைத்தான் அவர் நினைவில் வைத்திருக்கிறார். அவரிடம் இந்த இரண்டு அறிவிப்புகளையும் காட்டுங்கள். சுவர்க்கத்தில் காணப்பட்ட பெண்ணின் பெயராக ஸஹீஹான (நம்பகமான) ஹதீஸ் நூலில் பதிவான பெயர் இது.

பெயர் விடயத்தில் நபி (ஸல்) அவர்கள் எதைக் கவனித்தார்கள் என்பதும் இங்கே முக்கியமானது. பொருந்தாத பெயர்களை அவர்கள் தயங்காமல் மாற்றியிருக்கிறார்கள். உமர் (ரலி) அவர்களின் மகள் ஒருவருக்கு 'மாறுசெய்பவள்' என்ற பொருளில் 'ஆஸியா' என்றிருந்த பெயரை 'ஜமீலா' என்று மாற்றினார்கள். (பிர்அவ்னின் மனைவி ஆஸியா அம்மையாரின் பெயர் வேறு எழுத்துகளால் ஆனது; தமிழில் எழுதும்போது மட்டுமே இரண்டும் ஒன்றாகத் தெரிகின்றன.) 'பர்ரா' என்பது நற்குணமுள்ளவள் என்று பொருள்படும் பெயர், கேட்பதற்கு இதைவிட நல்ல பொருள் வேண்டுமா என்று தோன்றும். ஆனால் அது தன்னைத் தானே மெச்சிக்கொள்வதாக அமைகிறது என்று அதை 'ஸைனப்' என்று மாற்றினார்கள். ஆக, அகராதியில் பொருள் அழகாக இருந்தும் மாற்றப்பட்ட பெயர் உண்டு. ருமைஸா என்ற பெயரோ மாற்றப்படவில்லை. நபியவர்கள் உம்மு ஸுலைமின் வீட்டுக்கு அடிக்கடி சென்றவர்கள், அங்கே பகலில் ஓய்வெடுத்தவர்கள், அவருடைய மகனைத் தமது வீட்டில் வைத்திருந்தவர்கள். அந்தப் பெயரில் குறை கண்டிருந்தால் சொல்வதற்குச் சந்தர்ப்பம் இல்லாமல் போகவில்லை.

இனி அவருடைய வாழ்க்கைக்கு வருகிறேன். முதல் கணவர் மாலிக் இறந்தபின் அபூ தல்ஹா அவரைப் பெண் கேட்டு வந்தார். மதீனாவில் மதிப்பும் வசதியும் உள்ள மனிதர். ஆனால் அப்போது இஸ்லாத்தை ஏற்றிருக்கவில்லை. உம்மு ஸுலைம் அவரிடம், உங்களைப் போன்ற ஒருவரை மறுப்பதற்கில்லை, ஆயினும் நான் முஸ்லிமாக இருக்கிறேன், நீங்கள் இஸ்லாத்தை ஏற்றுக்கொண்டால் அதுவே எனக்கு மஹர், வேறெதுவும் கேட்கமாட்டேன் என்று சொன்னார். அபூ தல்ஹா ஏற்றுக்கொண்டார். இதைவிடக் கண்ணியமான மஹரைப் பெற்ற பெண்ணை நான் கேள்விப்பட்டதில்லை என்று இந்த ஹதீஸை அறிவிக்கும் தாபித் சொல்வதை நஸாயீயில் காணலாம். மஹர் கொடுக்க வேண்டிய மாப்பிள்ளை வீட்டாரே பெண் வீட்டாரிடம் சீதனப் பட்டியல் நீட்டும் வழக்கம் நம் மண்ணில் வேரோடியிருக்கும் நிலையில், இந்தப் பெயருடைய ஒரு பெண் நம் தெருவில் வளர்வதை நான் மனமார விரும்புகிறேன்.

மகன் அனஸுக்கு ஏறத்தாழப் பத்து வயதாக இருந்தபோது நபி (ஸல்) அவர்கள் மதீனாவுக்கு வந்தார்கள். அப்போது நடந்ததை அனஸ் (ரலி) அவர்களே சொல்லியிருப்பது முஸ்லிமில் உள்ளது. தாயார் தமது முக்காட்டுத் துணியில் பாதியை அவருக்கு இடுப்பில் கட்டிவிட்டு, மறுபாதியை மேலே போர்த்தி, நபியவர்களிடம் கூட்டிக்கொண்டு போனார். 'அல்லாஹ்வின் தூதரே, இது என் மகன் உனைஸ். உங்களுக்குப் பணிவிடை செய்யக் கொண்டுவந்திருக்கிறேன். இவனுக்காகப் பிரார்த்தியுங்கள்' என்றார். பிள்ளைக்குப் புத்தாடை இருக்கவில்லை. தன் தலையில் கிடந்ததை இரண்டாக்கி உடுத்திக் கொண்டுபோகிறார். அந்த நேரத்திலும் மகனை 'அனஸ்' என்று சொல்லவில்லை, 'உனைஸ்' என்றே சொல்கிறார். மேலே நான் சொன்ன அதே செல்ல வடிவம்தான்; ரம்ஸா ருமைஸா ஆனது போல அனஸ் உனைஸ் ஆகிறார். அந்தச் சிறுவன் பத்து ஆண்டுகள் நபியவர்களுக்குப் பணிவிடை செய்து, பிற்காலத்தில் பஸராவில் நீண்ட ஆயுளுடன் வாழ்ந்து, 2,000இற்கும் மேற்பட்ட ஹதீஸ்களை உம்மத்துக்கு விட்டுச் சென்றார்.

அபூ தல்ஹாவுக்கும் அவருக்கும் பிறந்த ஓர் ஆண் குழந்தை நோயுற்று, தகப்பன் வெளியே போயிருந்த வேளையில் இறந்துவிட்டது. அவர் திரும்பி வந்து பிள்ளை எப்படியிருக்கிறான் என்று கேட்டதற்கு, முன்பைவிட அமைதியாக இருக்கிறான் என்று பதில் சொல்லி, உணவு பரிமாறி, அன்றிரவை அவருக்கு ஆறுதலாகக் கழியவிட்டார். அதன் பிறகே, ஒருவர் ஒரு வீட்டாருக்கு இரவலாகக் கொடுத்த பொருளைத் திருப்பிக் கேட்டால் அதை மறுக்க அவர்களுக்கு உரிமையுண்டா என்று கேட்டுச் செய்தியைச் சொன்னார். அபூ தல்ஹாவுக்குக் கோபம் வந்தது. அதையும் அறிவிப்பு மறைக்கவில்லை. நபியவர்கள் அந்த இரவில் அவர்கள் இருவருக்கும் பரகத் கிடைக்கப் பிரார்த்தித்தார்கள். பிறகு பிறந்த மகனை அவர்களிடம் கொண்டுபோனபோது, பேரீச்சம்பழத்தை மென்று அதன் வாயில் வைத்து, அப்துல்லாஹ் என்று பெயர் சூட்டினார்கள். அந்த அப்துல்லாஹ்வின் பிள்ளைகள் ஒன்பது பேரைத் தாம் கண்டதாகவும் எல்லோரும் குர்ஆனை ஓதியவர்களாக இருந்ததாகவும் அன்ஸாரிகளில் ஒருவர் சொன்னது புகாரியில் உள்ளது. குழந்தை இழப்பு என்பதை அனுபவித்த வீடுகள் நம் சமூகத்தில் எத்தனையோ உண்டு. அவர்களுக்கு இந்தச் சம்பவத்தை விளக்கிச் சொல்லத் தேவையே இல்லை.

ஹிஜ்ரி 8இல் (கி.பி. 630) நடந்த ஹுனைன் போரில் அவர் இடுப்பில் ஒரு கத்தியைச் செருகிக்கொண்டு நின்றார். கணவர் அதைப் பார்த்து நபியவர்களிடம் சொல்ல, எதிரி எவராவது என்னை நெருங்கினால் அவன் வயிற்றைக் கிழிப்பதற்காக வைத்திருக்கிறேன் என்று பதில் சொன்னார், நபியவர்கள் சிரித்தார்கள். அப்போது அவர் அப்துல்லாஹ்வைக் கருவில் சுமந்திருந்தார் என்று இப்னு இஸ்ஹாக் எழுதுகிறார். மென்மையானவர் என்றோ வீரமானவர் என்றோ ஒரே சொல்லில் அடக்க முடியாத ஒரு தாய் அவர்.

இதே பெயருக்கு வானத்திலும் ஓர் இடம் உண்டு. அரபுகள் 'ஷிஃரா' என்ற பெயரில் இரண்டு விண்மீன்களை அறிந்திருந்தார்கள். அவற்றில் ஒன்று, குர்ஆனில் அந்நஜ்ம் அத்தியாயத்தின் 49ஆவது வசனத்தில் 'ஷிஃராவின் இறைவனும் அவனே' என்று குறிப்பிடப்படும் சிரியஸ். வானில் தெரியும் விண்மீன்களில் மிகப் பிரகாசமானது. மற்றொன்று புரோசியன், அதன் அரபுப் பெயர் 'ஷிஃரா அல்-ஃகுமைஸா'. சில பழைய அகராதிகள் அதற்கு 'ருமைஸா' என்றும் ஒரு பெயர் தருகின்றன. இவை இரண்டும் ஸுஹைல் என்ற விண்மீனின் சகோதரிகள் என்று பழங்கதை சொல்கிறது. ஸுஹைல் தெற்கே இறங்கிப் போய்விட, ஒரு சகோதரி பால்வீதியைக் கடந்து அவன் பின்னே போனாள். அவளுக்கு 'கடந்தவள்' என்ற பொருளில் 'அபூர்' என்று பெயராயிற்று. மற்றவள் இக்கரையிலேயே தங்கி, பிரிவு தாங்காமல் கண்ணில் பூளை கட்டும்வரை அழுதாள், அவளே ஃகுமைஸா. ஆகவே அரபுக் கவிமனத்தில் இந்தச் சொல் அழுக்கோடு சேர்ந்ததைவிட, அழுத கண்ணோடுதான் நெருங்கிச் சேர்ந்திருக்கிறது.

இது வெறும் கதையாகத் தோன்றினால் மாசி மாதத்தில் நிலவில்லாத ஓர் இரவு ஒன்பது மணியளவில் பண்ணைக் கடற்கரைக்குக் குடும்பமாகப் போய்ப் பாருங்கள். யாழ்ப்பாணம் நிலநடுக்கோட்டுக்கு வடக்கே ஏறத்தாழப் பத்துப் பாகையில் இருப்பதால், புரோசியன் அநேகமாக உச்சந்தலைக்கு நேர் மேலே நிற்கும். அங்கிருந்து தென்மேற்காகச் சற்று இறங்கினால் கண்ணைப் பறிக்கும் சிரியஸ். இன்னும் கீழே, தெற்குத் தொடுவானத்துக்குச் சற்று மேலே ஸுஹைல்; அகத்தியர் என்று தமிழர் சொல்லும் விண்மீன் அதுதான். நகரத்து வெளிச்சம் குறைந்த இடமாக இருந்தால், சிரியஸுக்கும் புரோசியனுக்கும் இடையே பால்வீதி மங்கலாக ஓடுவதையும் காணலாம். அண்ணனும் ஒரு தங்கையும் ஒரு கரையில், மற்றவள் மறுகரையில். 1990 ஒக்டோபர் 30இல் இந்தத் தெருவை விட்டுப் போய், திரும்பிவரக் கொடுத்துவைக்காமல் புத்தளத்து மண்ணில் அடங்கிய ஒரு பெண்ணுக்கும் இதே பெயர் இருந்தது என்பதை உங்கள் மாமா அறிந்தே இருக்கிறார். அவர் பேசாமலிருப்பதன் காரணத்தை நான் ஊகிக்கத் தேவையில்லை. ஆனால் யாராவது ஒருவர் அவரிடம் போய் உட்கார்ந்து, அவருடைய உம்மாவுக்கு அந்தப் பெயரை யார் வைத்தார்கள் என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். பாத்திமா, ஆமினா, ஆயிஷா, மர்யம் என்று பெயர்கள் திரும்பத் திரும்ப வழங்கிவந்த சமூகத்தில் ருமைஸா என்று ஒருவர் வைத்திருக்கிறார் என்றால், ஹதீஸ் கிதாபு ஓதிய ஒருவர் அந்தக் குடும்பத்திலோ பக்கத்திலோ இருந்திருக்க வேண்டும் என்பது என் கணிப்பு.

ர-ம-ஸ என்ற அதே மூன்று எழுத்துகளிலிருந்து, ஒருவரின் துன்பத்தை அல்லாஹ் ஈடுசெய்தான் என்றும், சண்டையிட்டவர்களிடையே ஒருவர் சமாதானம் செய்துவைத்தார் என்றும் பொருள்படும் வினைச்சொற்கள் பழைய அகராதிகளில் உள்ளன. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆயினும் ருமைஸா என்ற வடிவம் அந்த வினையிலிருந்து பிறந்ததன்று; அதைச் சொல்லி யாரையும் சமாதானப்படுத்த வேண்டாம். பூங்கொத்தை விலக்கிவிட்டு இன்னொரு அலங்காரத்தை மாட்டுவது முறையாகாது. பிள்ளை வளர்ந்து கேட்கும்போது, கண்ணைக் குறித்த பொருளையும், அந்தப் பெயருடன் வாழ்ந்த தாயையும், விண்மீனையும், தன் வாப்பாவின் வாப்பும்மாவையும் சேர்த்தே சொல்லுங்கள். பாடசாலையில் யாராவது கைத்தொலைபேசியில் தேடிப் பார்த்துவிட்டுக் கேலி செய்தால், பதில் சொல்ல அவளிடம் நிறைய இருக்கும்.

எழுதும் முறையில் ஓர் எச்சரிக்கை மிக முக்கியமானது. அரபியில் இந்தப் பெயர் 'ஸாத்' என்ற எழுத்தால் எழுதப்பட வேண்டும். 'ஸீன்' என்ற எழுத்தால் எழுதிவிட்டால் வேர்ச்சொல் மாறி, புதைத்தல், மண்ணறை என்ற பொருளுடைய 'ரம்ஸ்' என்பதோடு போய்ச் சேர்ந்துவிடும். தமிழில் இரண்டுக்கும் 'ஸ'தான் என்பதால் இந்தத் தவறு எளிதில் நேரும். அகீகா அழைப்பிதழிலோ, சுவரில் மாட்டும் பலகையிலோ, கழுத்துச் சங்கிலியிலோ பெயரை அரபியில் எழுதுவிக்கும்போது, அரபு தெரிந்த ஓர் ஆலிமிடம் காட்டிவிட்டுக் கொடுங்கள். கடைசி எழுத்து 'அலிஃப்'பும் அதையடுத்து 'ஹம்ஸா'வும் ஆகும். நம் முன்னோர் அரபு எழுத்துகளால் தமிழை எழுதும் அரபுத்தமிழில் எழுதிய காலத்தில் இந்த வேறுபாடு எழுத்திலேயே காக்கப்பட்டது; இப்போது நாம்தான் கவனமாக இருக்க வேண்டும்.

கூப்பனில் 'உறுமைசா' என்று இருப்பதைப் பார்த்து அது வேறு பெயரோ என்று எண்ண வேண்டாம். தமிழில் 'ர' சொல்லுக்கு முதலில் வராது என்பதால் உருத்திரன், உரூபாய் என்பது போல முன்னால் ஓர் உகரம் சேர்த்துச் சொல்வது பழைய வழக்கம். வல்லின 'ற'வைப் போடுவது யாழ்ப்பாணத்துப் பழக்கம். அந்தத் தாளைப் பிளாஸ்ரிக் உறையிலிட்டுப் பத்திரமாக வையுங்கள். பிள்ளையின் பதிவுக்கு 'ருமைஸா' என்ற எழுத்தமைப்பே பொருத்தமானது. 'ருமைசா' என்றாலும் குற்றமில்லை. 'ருமைதா', 'ருமானா' என்பன வேறு பெயர்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் வீட்டில் ஒருவருக்கு மனம் ஒப்பவில்லையானால், அதற்காகச் சண்டையிட வேண்டாம். அதே தாயாருக்குச் சொல்லப்படும் மற்றப் பெயரான 'ஸஹ்லா'வை எடுத்துக்கொள்ளலாம். இலகுவானவள், இணக்கமானவள் என்பது அதன் பொருள். கரடுமுரடான நிலம் என்று பொருள்படும் 'ஹஸ்ன்' என்ற பெயருடைய ஒருவரை நபியவர்கள் 'ஸஹ்ல்' என்று மாற்றிக்கொள்ளச் சொன்ன செய்தி புகாரியில் உண்டு. ஸஹ்லா அதன் பெண்பால் வடிவம். ஆனால் என் விருப்பத்தைக் கேட்டால் ருமைஸாதான். மாமா கேட்டது அவருடைய உம்மாவின் பெயரை. ஸஹ்லா எவ்வளவு நல்ல பெயராக இருந்தாலும் அந்தப் பெயராகாது.

அகீகாவை ஏழாம் நாளில் கொடுப்பது ஸுன்னத்து. அது தவறினால் பதினான்காம் நாளோ இருபத்தோராம் நாளோ கொடுக்கலாம் என்பது பல அறிஞர்களின் கருத்து. ஆகவே வருகிற கிழமைக்குள் ஏற்பாடு செய்துகொள்ளுங்கள். பெண் பிள்ளைக்கு ஓர் ஆடு போதும். பிறப்பைப் பதிவதற்குச் சட்டம் தந்துள்ள காலம் 42 நாட்கள். உங்களுக்கு இன்னும் நான்கு கிழமை இருக்கிறது. பதிவாளரிடம் போவதற்கு முன் பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒரே தாளில் தெளிவாக எழுதிக்கொண்டு போங்கள். ஆங்கிலத்தில் நடுவே 'ஏ, ஐ' என்று வருமா, 'ஏ, வை' என்று வருமா என்பதை இப்போதே தீர்மானித்து, தடுப்பூசி அட்டையிலிருந்து கடவுச்சீட்டுவரை அந்த ஒன்றையே பயன்படுத்துங்கள். பதிவான பெயரைப் பின்னர் மாற்றுவதற்குப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின் 27ஆம் பிரிவின்கீழ் விண்ணப்பிக்க வழியுண்டு என்றாலும், அதற்கான அலைச்சலும் ஆவணங்களும் அதிகம். பதிவாளர் எழுதிய படிவத்தில் கையொப்பமிடுவதற்கு முன், உங்கள் கணவரோடு கணவரின் தங்கையையும் ஒருமுறை வாசித்துப் பார்க்கச் சொல்லுங்கள். இந்தப் பெயரில் எழுத்துப் பிழை வந்தால் முதலில் கண்டுபிடிக்கக்கூடியவர் அவர்தான்.